ஹைகோர்ட் கொடுத்த மூன்று மாதக் கெடுவும் முடிந்துவிட்டது, கேஸ் அப்படியே கிடக்கிறது. அடுத்து எங்கே போவது?

மூலப்பத்திரம் (கேள்வி):

வணக்கம். சுருக்கமாகச் சொல்லப் பார்க்கிறேன், ஆனால் விஷயம் சுருங்க மாட்டேன் என்கிறது.

அப்பா 1994-ல் வாங்கிப் போட்ட ஐந்தரை சென்ட் மனை. 2024 செப்டம்பரில் வீடு கட்டக் கடன் கேட்கலாம் என்று வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்தேன். 2016-ல் அப்பா யாருக்கோ பவர் எழுதிக் கொடுத்ததாக ஒரு பதிவு. அந்த பவர் ஏஜென்ட் 2017-ல் இன்னொருவருக்குக் கிரயம் செய்து கொடுத்ததாக அடுத்த பதிவு. பவர் பதிவான நாளில் அப்பா இடுப்பு எலும்பு முறிந்து ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தார். டிஸ்சார்ஜ் சம்மரி பத்திரமாக இருக்கிறது. நகல் எடுத்துப் பார்த்தால் பவர் பத்திரத்தில் ஒட்டியிருக்கும் போட்டோ அப்பாவுடையதே இல்லை. மீசை வைத்த ஆள் ஒருவர். அப்பாவுக்கு வாழ்நாளில் மீசை இருந்ததில்லை.

மாவட்டக் குற்றப் பிரிவில் புகார் கொடுத்தேன். முதலில் புகாரைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீது மட்டும் தந்தார்கள். புதன்கிழமை எஸ்.பி. அலுவலக மனு நாளில் இரண்டு முறை வரிசையில் நின்ற பிறகு, 2024 நவம்பரில் எஃப்.ஐ.ஆர். ஆனது. பழைய குற்றம் என்பதால் ஐ.பி.சி. 420, 467, 468, 471 (மோசடி, போலிப் பத்திரம்). அதோடு சரி. இதுவரை மூன்று இன்ஸ்பெக்டர்கள் மாறிவிட்டார்கள். ஒவ்வொருவரிடமும் முதலிலிருந்து கதை சொல்கிறேன். "சார், ஃபைலைப் படிக்கணும், அடுத்த வாரம் வாங்க" என்பதுதான் மூவருக்கும் பொது வசனம். ஆர்.டி.ஐ. போட்டேன்; விசாரணை நடப்பதால் 8(1)(எச்) படி தர இயலாது என்று இரண்டு வரியில் பதில் வந்தது.

2025 ஜூனில் வக்கீல் வைத்து, போலீஸுக்கு உத்தரவிடச் சொல்லி ஹைகோர்ட்டில் டைரக்‌ஷன் மனு போட்டோம். பத்து நிமிடம்கூட ஆகவில்லை. "மூன்று மாதத்துக்குள் விசாரணையை முடித்து இறுதி அறிக்கை தாக்கல் செய்ய வேண்டும்" என்று உத்தரவு. மனு முடித்து வைக்கப்பட்டது. அன்றைக்கு வீட்டில் எல்லோரும் ஜெயித்துவிட்ட மாதிரி இருந்தோம். செப்டம்பரில் கெடு முடிந்தது. இப்போது டிசம்பர். கேட்டால் "எக்ஸ்பர்ட் ஒப்பீனியன் வரல சார்".

எனக்குத் தெரிய வேண்டியவை: அவமதிப்பு வழக்கு போடலாமா? சி.பி.சி.ஐ.டி.க்கோ சி.பி.ஐ.க்கோ மாற்றச் சொல்லலாமா? சார்ஜ் ஷீட் போடு என்று கோர்ட்டே நேராக உத்தரவிட முடியுமா? ஹைகோர்ட் வரை போனவன் மறுபடி கீழே மாஜிஸ்திரேட்டிடம் போகலாம் என்று ஒருவர் சொன்னார், அது உண்மையா? அப்பாவுக்கு வயது 78. அதனால்தான் அவசரம்.


வக்காலத்து:

சார், கேட்ட வரிசையிலேயே சொல்கிறேன்.

அவமதிப்பு வழக்கு போடலாம். 1971-ஆம் வருடச் சட்டத்தின் 20-வது பிரிவுப்படி, மீறல் நடந்த நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் போட்டாக வேண்டும். உங்களுக்கு 2026 செப்டம்பர் வரை இருக்கிறது. ஆனால் வேண்டுமென்றே மீறினார்கள் என்று காட்ட வேண்டும். அதற்கு முதல் படி, உத்தரவு நகல் இன்ஸ்பெக்டர் கைக்குப் போனதற்கு உங்களிடம் ஆதாரம் இருக்க வேண்டும். நேரில் கொடுத்து முத்திரை வாங்கினீர்களா, அல்லது ஸ்பீட் போஸ்ட்டில் ஒப்புகையோடு அனுப்பினீர்களா? பல பேர் இணையத்தில் உத்தரவை இறக்கி வாட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டு உட்கார்ந்துவிடுகிறார்கள். அது போதாது.

சி.பி.ஐ. வேண்டாம். மாநிலத்துக்குள் சி.பி.ஐ. விசாரிக்கத் தந்திருந்த பொது ஒப்புதலைத் தமிழ்நாடு அரசு 2023 ஜூனில் திரும்பப் பெற்றுவிட்டது. அதற்குப் பிறகும் ஹைகோர்ட் உத்தரவிட்டால் சி.பி.ஐ. எடுக்கத்தான் வேண்டும், மேற்கு வங்க வழக்கில் அரசியல் சாசன அமர்வு 2010-லேயே இதைத் தெளிவாக்கியது. அதே தீர்ப்பில், இந்த அதிகாரத்தை அரிதாக, எச்சரிக்கையோடு பயன்படுத்த வேண்டும் என்றும் இருக்கிறது. ஐந்தரை சென்ட் மனைக்கு அதைக் கேட்டால் நீதிபதி சிரிக்காமல் இருந்தாலே பெரிது. சி.பி.சி.ஐ.டி. கேட்கலாம், ஆனால் வெறும் தாமதத்துக்காக மாற்றித் தருவது குறைவு. விசாரணை அதிகாரி எதிரியோடு கைகோத்திருக்கிறார் என்பதற்கு ஏதாவது இருந்தால்தான் நிற்கும்.

சார்ஜ் ஷீட் போடு என்று எந்த கோர்ட்டும் சொல்லாது. அபிநந்தன் ஜா வழக்கில் 1967-லேயே உச்ச நீதிமன்றம் முடித்துவிட்ட விஷயம். விசாரணையை முடி, அறிக்கை கொடு என்று சொல்லலாம். அந்த அறிக்கையில் என்ன முடிவு இருக்க வேண்டும் என்பது போலீஸின் வேலை. அதை ஏற்பதா வேண்டாமா என்பது மாஜிஸ்திரேட்டின் வேலை.

மாஜிஸ்திரேட்டிடம் போகலாம். அது தனிக் கதை, கோர்ட்டுக்குப் போய்விட்டு வந்து எழுதுகிறேன்.

ஆர்.டி.ஐ. பதிலை மட்டும் அப்படியே விட்டுவிடாதீர்கள். விசாரணை நிலுவையில் இருப்பது மட்டுமே மறுக்கக் காரணமாகாது, தகவல் தந்தால் விசாரணை எப்படிக் கெடும் என்று சொல்ல வேண்டும் என்று டெல்லி ஹைகோர்ட் 2007-ல் பகத் சிங் வழக்கில் சொல்லியிருக்கிறது. முதல் மேல்முறையீடு போடுங்கள்.


பழைய ரைட்டர்:

தம்பி, நான் முப்பத்தொரு வருடம் காவல்துறையில் இருந்தவன். அதில் பதினொரு வருடம் ஸ்டேஷன் ரைட்டர் (ஃபைல், எழுத்து வேலை), கடைசியில் நாலு வருடம் கோர்ட் டூட்டி. எஸ்.எஸ்.ஐ.யாக ஓய்வு பெற்றேன். சட்டம் வக்கீல் தம்பி சொல்வார். உங்கள் ஹைகோர்ட் உத்தரவு ஸ்டேஷனுக்குள் நுழைந்த பிறகு அதற்கு என்ன ஆகும் என்பதை நான் சொல்கிறேன்.

காகிதம் முதலில் ரைட்டர் மேசைக்குத்தான் வரும். நான் அதைப் படித்து, கெடு தேதியைக் கணக்குப் போட்டு, சி.டி. (கேஸ் டைரி) ஃபைலின் மேலட்டையில் சிவப்பு மையில் எழுதி வைப்பேன். "ஹை.கோ. உத்தரவு, இன்ன தேதிக்குள்." இன்ஸ்பெக்டரிடம் காட்டுவேன். அவர் "சரிப்பா" என்பார். அவர் கெட்டவர் இல்லை. அன்றைக்கு அவர் மேசையில் ஒரு திருவிழா பந்தோபஸ்து, ஒரு அமைச்சர் வருகை, ரிமாண்டில் ஆள் இருக்கிற இரண்டு கேஸ். ரிமாண்டில் ஆள் இருந்தால் 60 நாள் அல்லது 90 நாளில் சார்ஜ் ஷீட் போட்டாக வேண்டும், இல்லாவிட்டால் ஆள் மனு போட்டாலே ஜாமீன் கிடைத்து வெளியே வந்துவிடுவான், மேலே பதில் சொல்ல வேண்டும். அந்தக் கெடுவுக்குப் பல் இருக்கிறது. உங்கள் கெடுவுக்கு இல்லை. உங்கள் கேஸில் யாரும் உள்ளே இல்லை. அதனால் அது யு.ஐ. (விசாரணையில் உள்ள கேஸ்கள்) பட்டியலில் ஒரு வரி. மாதாந்திர கிரைம் மீட்டிங்கில் எஸ்.பி. "இது என்ன ஆச்சு?" என்பார், "எக்ஸ்பர்ட் ஒப்பீனியன் பெண்டிங் ஐயா" என்போம், அடுத்த வரிக்குப் போய்விடுவார்.

பிறகு கெடு முடியப் பத்து நாள் இருக்கும். அப்போதுதான் சிவப்பு மை கண்ணில் படும். இங்கேதான் நீங்கள் கவனிக்க வேண்டும். அந்தப் பத்து நாளில் விசாரணையை ஒழுங்காக முடிக்க முடியாது. ஆனால் ஃபைலை முடிக்க முடியும். என் அனுபவத்தில் குறைந்தது மூன்று தடவை, வேறு வேறு அதிகாரிகள் என்னிடம் ஒரே கேள்வியைக் கேட்டிருக்கிறார்கள்: "ரைட்டர், இது சிவில்தானே? எம்.எஃப். போட்டுடலாமா?" எம்.எஃப். என்றால் 'மிஸ்டேக் ஆஃப் ஃபேக்ட்'. புகாரில் உண்மை இல்லை என்று மூடுவது. இறுதி அறிக்கை தாக்கல் செய்யச் சொன்னது கோர்ட், அதுவும் இறுதி அறிக்கைதானே? கெடுவுக்குள் போட்டாகிவிட்டது. உத்தரவும் நிறைவேறிவிட்டது, உங்கள் கேஸும் செத்துவிட்டது.

அதனால் உங்கள் கேஸ் செப்டம்பரில் இப்படி முடியாமல், 'வரல சார்' என்று நிற்பதை ஒரு வகையில் நல்லது என்றே நினைக்கிறேன். கோபப்படாதீர்கள்.

நான் சொல்ல வருவது ஒன்றுதான்: கெடு வாங்காதீர்கள், வாய்தா வாங்குங்கள். மூன்று மாதத்தில் முடி என்று சொல்லி ஃபைலை மூடுகிற கோர்ட்டுக்கு நாங்கள் பயந்ததில்லை. இருபதாம் தேதி சி.டி. ஃபைலோடு வா, என்ன செய்தாய் என்று சொல் என்கிற கோர்ட்டுக்குத்தான் பயந்தோம். தேதிக்கு முந்தின நாள் ராத்திரி ஸ்டேஷனைப் பார்க்க வேண்டுமே! ஐந்து மாதமாக அனுப்பாத கடிதம் அன்றைக்கு டைப் ஆகும். பார்க்காத சாட்சியைத் தேடி ஏட்டையா இருட்டில் பைக்கில் போவார். கோர்ட்டில் போய் வெறும் கையோடு நிற்க யாருக்கும் மனசு வராது. நடந்ததை வைத்துச் சொல்கிறேன்: ஒரு மாஜிஸ்திரேட் அம்மா, இன்ஸ்பெக்டர் கொண்டு வந்த டைரியைப் புரட்டிவிட்டு, கோபமே இல்லாமல், "பிப்ரவரிக்கும் ஜூனுக்கும் நடுவில் பக்கமே இல்லையே, லீவா?" என்று கேட்டார். அவ்வளவுதான். இன்ஸ்பெக்டர் ஜீப்பில் திரும்பி வரும்போது ஒரு வார்த்தை பேசவில்லை. மறுநாள் காலை ஏழு மணிக்கு ஸ்டேஷனில் இருந்தார்.

இன்னொன்று. "எக்ஸ்பர்ட் ஒப்பீனியன் வரல" என்றால் உடனே நம்பாதீர்கள். வரவில்லையா, அனுப்பவே இல்லையா என்று கேளுங்கள். இரண்டும் வேறு. 2016-ல் பதிவான பவர் என்றால் சார்பதிவாளர் ஆபீஸில் பெருவிரல் ரேகைப் பதிவேடு இருக்கும். எழுதிக் கொடுத்ததாகச் சொல்லப்படும் ஆளின் ரேகை மையில் பதிந்திருக்கும். அதை கோர்ட் மூலம் வரவழைத்து, அப்பாவின் மாதிரி ரேகையோடு விரல்ரேகைப் பிரிவுக்கு அனுப்ப வேண்டும். கையெழுத்து ஒப்பீடு தனி. அது சென்னை தடய அறிவியல் ஆய்வகத்துக்குப் போக வேண்டும், அங்கே கூட்டம் அதிகம், நாளாகும். ரேகைக்கு அவ்வளவு ஆகாது. உங்கள் அப்பாவிடம் மாதிரி ரேகையோ மாதிரிக் கையெழுத்தோ யாராவது வந்து எடுத்தார்களா? எடுக்கவில்லை என்றால் எதுவுமே அனுப்பப்படவில்லை. எதை வைத்து ஒப்பிடுவான்?


மூலப்பத்திரம்:

ஐயா, இல்லை. யாரும் எதையும் எடுக்கவில்லை. ஒரு வருடமாக ஒப்பீனியன் வரவில்லை என்று நம்பிக்கொண்டிருந்தேன். படித்துவிட்டு கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்துவிட்டேன்.


சீட்டுப் பணம்:

ரைட்டர் ஐயா சொல்வது கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் மாஜிஸ்திரேட் கோர்ட் வழியை நான் நடந்தே பார்த்தவள். ஏலச்சீட்டு நடத்தியவர் எங்கள் தெருவில் பதினாறு குடும்பத்தின் பணத்தோடு போய்விட்டார். எஃப்.ஐ.ஆர். ஆகி எட்டு மாதம் எதுவும் நடக்காததால் ஜே.எம். (மாஜிஸ்திரேட்) கோர்ட்டில் மனு கொடுத்தேன். முதலில் மனுவை ஏற்று நம்பரே போடவில்லை. பிரமாணப் பத்திரம் இணைக்கவில்லை என்று ஒரு தடவை திரும்பியது. எஸ்.பி.க்கு அனுப்பிய தபாலின் ரசீது எங்கே என்று இன்னொரு தடவை. நம்பர் ஆகவே ஐந்து மாதம். பிறகு போலீஸிடம் அறிக்கை கேட்டார்கள். வாய்தாவுக்கு வாய்தா அரசு வக்கீல் எழுந்து "இன்ஸ்ட்ரக்‌ஷன் வரவில்லை, டைம் வேண்டும்" என்றார். இன்ஸ்பெக்டர் ஒரு தடவைகூட வரவில்லை, அவருக்குப் பதில் ஒரு கோர்ட் காவலர் வந்து நின்றார். அவரும் நல்லவர்தான், எனக்கு பெஞ்சில் இடம் விட்டார், அவ்வளவே.

கடைசியில் என்ன ஆனது தெரியுமா? சார்ஜ் ஷீட் போட்டுவிட்டோம் என்றார்கள். மனுவை முடித்து வைத்தார்கள். நான் இனிப்பு வாங்கிக் கொடுத்தேன். ஏழு மாதம் கழித்து, சாட்சி சம்மன் ஏன் வரவில்லை என்று விசாரித்தால் அந்த சார்ஜ் ஷீட் கோப்புக்கே எடுக்கப்படவில்லை. இரண்டு ஆவணம் இல்லை, ஒரு கையெழுத்து இல்லை என்று கோர்ட் ஆபீஸ் திருப்பி அனுப்பியிருக்கிறது. ஸ்டேஷன் அதைச் சரிசெய்து மறுபடி போடவே இல்லை. போலீஸ் கணக்கில் கேஸ் முடிந்தது, கோர்ட் கணக்கில் கேஸ் பிறக்கவே இல்லை. நடுவில் எங்கேயோ ஒரு அலமாரியில் கிடந்தது.

ஆகவே சார்ஜ் ஷீட் போட்டாச்சு என்று யார் சொன்னாலும், கோர்ட் கோப்புக்கு எடுத்துக் கொடுக்கிற சி.சி. நம்பர் என்ன என்று கேளுங்கள். ஈ-கோர்ட்ஸ் தளத்தில் அந்த நம்பரைப் போட்டால் கேஸ் வர வேண்டும். வரவில்லை என்றால் முடியவில்லை.


வக்காலத்து:

அக்கா சொன்ன நம்பர் ஆகாத சார்ஜ் ஷீட் கதை நூற்றுக்கு நூறு உண்மை. என் கையிலேயே அப்படி இரண்டு இருக்கிறது.

சரி, மாஜிஸ்திரேட் அதிகாரம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 156(3), இப்போது அதற்குப் பதில் வந்த பி.என்.எஸ்.எஸ்.-ல் 175(3). பார்ப்பதற்கு, எஃப்.ஐ.ஆர். போட உத்தரவிடும் பிரிவு மாதிரிதான் இருக்கும். ஆனால் 2007 டிசம்பரில் சாகிரி வாசு வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை அகலமாகப் படித்தது: எஃப்.ஐ.ஆர். ஆன பிறகும் விசாரணை ஒழுங்காக நடக்கவில்லை என்றால் மாஜிஸ்திரேட் ஒழுங்காக நடத்த உத்தரவிடலாம், அதைக் கண்காணிக்கவும் செய்யலாம், அதற்குத் தேவையான துணை அதிகாரமெல்லாம் அதற்குள்ளேயே அடங்கும் என்று. ஹைகோர்ட்டுக்கு ஓடாதே, முதலில் இங்கே போ என்பதும் அதே தீர்ப்புதான். 2019-ல் வினுபாய் மாளவியா வழக்கில் மூன்று நீதிபதிகள் இதை இன்னும் விரித்தார்கள்.

பிரமாணப் பத்திரம் கட்டாயம் என்பது 2015-ல் பிரியங்கா ஸ்ரீவஸ்தவா தீர்ப்பில் வந்தது, இப்போது சட்டத்திலேயே ஏறிவிட்டது. எஸ்.பி.க்கு முதலில் எழுதியிருக்க வேண்டும் என்பதும் அப்படியே. அக்காவின் மனு திரும்பியதற்கு அதுதான் காரணம். இரண்டையும் முதலிலேயே சேர்த்துக் கொடுத்தால் அந்த ஐந்து மாதம் பாதியாகும்.

ஒரு புதிய விஷயமும் இருக்கிறது. உங்கள் குற்றம் பழையது, ஆனால் எஃப்.ஐ.ஆர். 2024 ஜூலை 1-க்குப் பிறகு. ஆகவே தண்டனைப் பிரிவு ஐ.பி.சி., விசாரணை நடைமுறை பி.என்.எஸ்.எஸ். அதன் 193(3) பிரிவின்படி விசாரணை எந்த நிலையில் இருக்கிறது என்று 90 நாளுக்குள் புகார்தாரருக்குத் தெரிவிக்க வேண்டும். எஸ்.எம்.எஸ். அனுப்பினாலும் போதும். உங்களுக்கு வந்ததா? வந்திருக்காது. அதை மனுவின் முதல் பத்தியிலேயே எழுதுங்கள். நீதிபதிக்கு மறுக்க முடியாத புள்ளி அது.

ஹைகோர்ட் ஏற்கெனவே உத்தரவிட்டிருக்கிறதே என்று கீழே தயங்குவார்கள். அந்த உத்தரவு நகலையும் இணைத்து, அதை நிறைவேற்ற உதவும்படிதான் கேட்கிறோம், மீறச் சொல்லவில்லை என்று எழுத வேண்டும். ஹைகோர்ட்டும் மனுவைக் கோப்பில் வைத்துக்கொண்டு அறிக்கை கேட்பது உண்டு. சாத்தான்குளம் வழக்கில் 2020-ல் மதுரைக் கிளை தானாக எடுத்து அப்படித்தான் நடத்தியது. அந்த வேகத்தில்தான் விசாரணை சி.பி.சி.ஐ.டி.க்கும் பிறகு சி.பி.ஐ.க்கும் போனது. ஆனால் அது இரண்டு பேர் செத்த வழக்கு. தினமும் நூறு டைரக்‌ஷன் மனு வரும் இடத்தில் நம் மனைக்கு அந்தக் கவனம் கிடைக்காது.

கேட்காததை ஒன்று சொல்லிவிடுகிறேன். கிரிமினல் கேஸை நம்பி சிவில் வழக்கைத் தள்ளிப் போடாதீர்கள். மோசடிப் பத்திரத்தை ரத்து செய்யக் கேட்கும் வழக்குக்குத் தெரிய வந்த நாளிலிருந்து மூன்று வருடம். உங்களுக்கு 2027 செப்டம்பரில் முடிகிறது. இதைச் சொல்லாமல் விட்டால் எனக்குத் தூக்கம் வராது.


பழைய ரைட்டர்:

சீட்டுப் பணம் அம்மா சொன்னதை மறுக்க மாட்டேன். "டைம் வேண்டும்" என்று எழுந்த அரசு வக்கீலுக்குக் குறிப்பு அனுப்பாத ரைட்டராகவே நான் இருந்திருக்கிறேன். என்ன செய்ய. ஆனால் அம்மா, உங்கள் மனுவில் என்ன கேட்டிருந்தீர்கள் என்று நினைவிருக்கிறதா? "விசாரணையைத் துரிதப்படுத்த வேண்டும்" என்றுதானே? அதற்கு எங்களிடம் பதில் தயாராக இருக்கும்: "விசாரணை துரிதமாக நடைபெற்று வருகிறது." அச்சடித்த மாதிரி. அந்த வரியை நானே இருநூறு தடவை எழுதியிருப்பேன்.

தம்பி, நீங்கள் அப்படிக் கேட்காதீர்கள். போலீஸைத் திட்டி நாலு பக்கம் எழுதாதீர்கள், லஞ்சம், அரசியல் என்று எதுவும் வேண்டாம். செய்யாத வேலையை மட்டும் எழுதுங்கள். பெருவிரல் ரேகைப் பதிவேட்டைக் கேட்டு சார்பதிவாளருக்குக் கடிதம் போனதா, என்ன தேதியில்? அப்பாவின் மாதிரி ரேகை எடுத்ததா? பவர் பத்திரத்தில் சாட்சிக் கையெழுத்துப் போட்ட இரண்டு பேரை விசாரித்ததா? பத்திரம் எழுதியவரை? அந்த நாள் அப்பா ஆஸ்பத்திரியில் இருந்த ரெக்கார்டை ஆஸ்பத்திரியில் கேட்டு வாங்கியதா? மீசைக்காரர் போட்டோவை வைத்து யார் என்று தேடியதா? ஒவ்வொன்றுக்கும் 'ஆம், இன்ன தேதி' அல்லது 'இல்லை' என்றுதான் பதில் எழுத முடியும். துரிதமாக நடைபெற்று வருகிறது என்று எழுத இடமே கொடுக்காதீர்கள். நான் ரைட்டராக இருந்தபோது அப்படி ஒரு மனு வந்தால் தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பேன்.

கோர்ட் உங்களுக்கு டைரியைக் காட்டாது. அது உங்களுக்கு உரிமை இல்லாத விஷயம், கேட்டுச் சண்டை போடாதீர்கள். மாஜிஸ்திரேட் பார்த்தால் போதும்.

ஒருவேளை எம்.எஃப். போட்டு மூடினால் பயப்படாதீர்கள். கேஸை மூடுகிறோம் என்கிற ஆர்.சி.எஸ். நோட்டீஸ் உங்களுக்கு வர வேண்டும். புகார்தாரரைக் கேட்காமல் மூடக் கூடாது என்பது 1985-லிருந்து சட்டம், பகவந்த் சிங் வழக்கு. நோட்டீஸ் வந்ததும் ஆட்சேபணை மனு போடுங்கள். சில இடங்களில் நோட்டீஸை நீட்டி "கையெழுத்துப் போடுங்க சார், சும்மா ஃபார்மாலிட்டி" என்பார்கள். நானே சொல்லியிருக்கிறேன். படித்துப் பார்த்து, 'ஆட்சேபணை உண்டு' என்று எழுதித்தான் கையெழுத்துப் போட வேண்டும்.


சீட்டுப் பணம்:

ஆமாம் ஐயா, 'துரிதப்படுத்த வேண்டும்' என்றுதான் கேட்டிருந்தேன். பழைய ஃபைலை எடுத்துப் பார்த்தேன். அந்த நோட்டீஸ் வேலையை நீங்களே செய்திருக்கிறீர்கள் என்று சொன்னதற்கு, திட்டுவதா நன்றி சொல்வதா என்று தெரியவில்லை.


மூலப்பத்திரம்:

நாலு மாதம் கழித்து எழுதுகிறேன், மன்னிக்கவும்.

பிப்ரவரியில் மனு போட்டோம். எஸ்.பி.க்கு அனுப்பிய தபால் ஒப்புகை, பிரமாணப் பத்திரம், ஹைகோர்ட் உத்தரவு எல்லாம் சேர்த்து. ரைட்டர் ஐயா சொன்ன கேள்விகளை அப்படியே போட்டோம், வக்கீல் ஒன்றைக் கூட்டி ஏழாக்கினார். மூன்று வாரத்தில் நம்பர் ஆனது. முதல் வாய்தாவில் அக்கா சொன்ன மாதிரியே டைம் கேட்டார்கள். இரண்டாவது வாய்தாவில் மாஜிஸ்திரேட், அடுத்த முறை விசாரணை அதிகாரி டைரியோடு நேரில் வர வேண்டும் என்று எழுதிவிட்டார்.

வந்தார். நாலாவது இன்ஸ்பெக்டர், வந்து ஐந்து வாரம்தான் ஆகிறதாம். மாஜிஸ்திரேட் ஃபைலைப் பத்து நிமிடம் படித்தார். சார்பதிவாளருக்குப் போக வேண்டிய கடிதம் அதற்குள்ளேயே இருந்தது. 2025 மார்ச் தேதி போட்டு டைப் செய்து, கையெழுத்தும் போட்டு, உறையும் எழுதி வைத்திருக்கிறார்கள். அனுப்பவில்லை. மாஜிஸ்திரேட் அந்த உறையைத் தூக்கி இன்ஸ்பெக்டரிடம் காட்டினார், ஒன்றும் சொல்லவில்லை. பதிவேட்டை வரவழைக்க அன்றைக்கே கோர்ட் மூலம் கடிதம் போனது. சாட்சிக் கையெழுத்துப் போட்ட இரண்டு பேரில் ஒருவர் இதற்குள் இறந்துவிட்டார் என்பதும் அன்றைக்குத்தான் எனக்குத் தெரியும். எஃப்.ஐ.ஆர். ஆன சமயம் அவர் உயிரோடு இருந்திருக்கிறார்.

போன செவ்வாய்க்கிழமை அப்பாவைக் கூட்டிப் போனோம். மாதிரி ரேகை எடுத்தார்கள். பத்து விரலும் தனித்தனியாக உருட்டி, பிறகு நாலு நாலாகச் சேர்த்து. அப்பா முப்பத்து நாலு வருடம் பள்ளியில் வாத்தியார், வாழ்க்கையில் கைநாட்டு வைத்ததில்லை. மையைத் துடைத்துக்கொண்டே, "நான் வைக்கலைன்னு சொல்றதுக்கு நான் வைக்கணுமா?" என்று அந்தக் காவலரிடம் கேட்டார். காவலர் சிரித்துவிட்டு இன்னொரு துணி எடுத்துக் கொடுத்தார். நகக்கண்ணில் இன்னும் மை இருக்கிறது.

அடுத்த வாய்தா ஜூன் 18. சிவில் வழக்கும் தாக்கல் செய்துவிட்டோம், வக்காலத்து சார் நிம்மதியாகத் தூங்கலாம். ரைட்டர் ஐயா, விரல்ரேகைப் பிரிவு முடிவு அனுப்பினால் அது நேராக கோர்ட்டுக்கு வருமா, ஸ்டேஷன் வழியாக வருமா?


பழைய ரைட்டர்:

அனுப்பிய கடிதத்தில் எந்த வழி போட்டிருக்கிறதோ அந்த வழி. கோர்ட் கடிதத்தோடு போயிருந்தால் கோர்ட்டுக்கு வரும். 18-ஆம் தேதி போகும்போது பெஞ்ச் கிளார்க்கிடம் அனுப்பிய நம்பரைக் கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். நகக்கண் மைக்கு தேங்காய் எண்ணெய்.